ஹாரோபி பாதிரியார் நின்ற இடம்

யாழ்ப்பாணம்
4 செப்டம்பர் 1985

அன்புள்ள தம்பி கணேசலிங்கத்துக்கு,

நான் சுகமாகத்தான் இருக்கிறேன். இரத்த அழுத்தம் குளிசைக்குப் பயந்து அடங்கிக் கிடக்கிறது. உன் இருமல் விட்டதா? அந்த ஊர் மழைக்குள் தொப்பி இல்லாமல் திரியாதே. நாற்பத்தெட்டு வயது அக்கா சொன்னால் முப்பத்துநாலு வயதுத் தம்பி கேட்கத்தான் வேண்டும்.

ஒரு பகிடி சொல்கிறேன். துடுப்பைக் கையால் தொட்டறியாத என்னை ஒரு கிரிக்கெட்காரரின் வாழ்க்கை வரலாற்றை எழுதச் சொல்லியிருக்கிறார் எங்கள் அதிபர். நம் மிஷன் பாடசாலையில் கிரிக்கெட் தொடங்கி வருகிற மார்ச்சில் நூறு வருடமாம், அதற்கு ஒரு சிறு நூல் வேண்டுமாம். "நூலகத்தில இருக்கிறது நீங்கள்தானே மிஸ், பழைய கடதாசி எல்லாம் உங்கட கைக்குள்ளதானே," என்று சொல்லித் தலையில் கட்டிவிட்டுப் போய்விட்டார்.

ஆள் யாரென்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. செப்டிமஸ் ஹாரோபி பாதிரியார். நூலக வாசலில் தொங்குகிறாரே, தாடியும் வெள்ளைக் காற்சட்டையும் கழுத்தில் பாதிரிப் பட்டியுமாக, அவர்தான். இங்கிலாந்தில் ஒரு பாதிரியாரின் ஏழாவது பிள்ளை. பல்கலைக்கழக அணிக்கு ஆடியவர். பட்டம் பெற்றபின் கவுண்டி அணிக்கும் சம்பளம் வாங்காமல் ஆடியிருக்கிறார். 1882இல் இங்கே வந்து இங்கிலிசும் வேதமும் படிப்பித்தார். பிறகு நீங்கள் பொடியன்கள் எல்லோரும் வருடா வருடம் கேட்ட அந்தக் கதை. 1886இல் கச்சேரியில், அதுதான் அரசாங்க அலுவலகத்தில், இருந்த வெள்ளைக்காரரோடு ஆட்டம். பந்து பாதிரியாரின் துடுப்பில் மெல்ல உரசிப் பின்னால் நின்றவனின் கைக்குள் போனது. அம்பயராக நின்ற யாகோப்பு உபதேசியார் அதைக் கவனிக்கவில்லை, ஆட்டமிழக்கவில்லை என்று சொல்லிவிட்டார். பாதிரியாரோ துடுப்பைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு தானாகவே நடந்து வெளியேறினார். பாடசாலை இரண்டு ஓட்டத்தால் தோற்றது. அதன் நினைவாகத்தான் உண்மை பேசுகிற மாணவனுக்கு ஹாரோபி பரிசு. 1968இல் நீ வாங்கிய வெள்ளிக் கிண்ணம் என் அலுமாரியில் பத்திரமாக இருக்கிறது.

எனக்குத் தெரியாதிருந்த ஒன்றும் அகப்பட்டது. மனிதர் 1891இல் திடீரென்று வேலையை விட்டுவிட்டு ஜெர்மனிக்குப் போயிருக்கிறார். லான் ஆற்றங்கரையில், வெந்நீர் ஊற்றில் குளித்து நோய் தீர்க்க வரும் ஆங்கிலேயருக்காக ஒரு சிற்றாலயம் இருந்ததாம். அதற்குப் பாதிரியாராக இருந்து 1906இல் அங்கேயே அடக்கமானார். நீ இருக்கிற வுப்பர்டாலிலிருந்து அது தூரமா? உனக்கு உதவுகிற பாஸ்டர் வெர்னருக்கு நானே இங்கிலிசில் ஒரு கடிதம் எழுதி விசாரிக்கலாம் என்று இருக்கிறேன்.

பின்னால் நிற்கிறவன் பிடித்தால் அது ஏன் ஆட்டமிழப்பு என்றும் எழுது. எனக்கு நியாயமாகப் படவில்லை.

உன் அக்கா
கமலநாயகி

⁂

வுப்பர்டால்
29 செப்டம்பர் 1985

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் கடிதம் இருபத்திரண்டு நாள் நடந்து வந்து சேர்ந்தது. இருமல் போய்விட்டது. தொப்பியும் வாங்கிவிட்டேன். குளிசையை நேரத்துக்குப் போடுங்கள்.

பந்து நிலத்தில் படாமல் யார் கையில் அகப்பட்டாலும் ஆட்டம் முடிந்தது, அக்கா. பின்னால் நிற்கிறவன் என்ன, எல்லைக் கயிற்றோரம் நிற்கிறவன் என்ன. நியாயமாகப் படாவிட்டால் ஹாரோபி பாதிரியாரிடம்தான் கேட்க வேண்டும்.

அவரை நான் நேற்றுக் கண்டேன் என்று சொன்னால் சிரிப்பீர்கள். இந்த ஊரில் ரயில் தண்டவாளத்தில் தொங்கிக்கொண்டு ஆற்றுக்கு மேலாகப் போகும். கீழே வுப்பர் ஆறு, இரண்டு பக்கமும் வீடுகளின் இரண்டாம் மாடி யன்னல்கள். எனக்கு இன்னும் வேலை செய்ய அனுமதி இல்லை. ஆகவே அந்த ரயிலில் ஒரு முனையிலிருந்து மறு முனைக்குப் போய்த் திரும்பி வருவதுதான் என் வேலை. நேற்று மழையில் கண்ணயர்ந்துவிட்டேன். எதிர் இருக்கையில் தாடிக்காரர், கால்களில் மெத்தை கட்டியபடி, துடுப்பு மடியில். பிறகு பார்த்தால் கீழே ஆற்றின் மேல் நடந்து போகிறார். நடக்கிறார், நடக்கிறார், கரை வரவில்லை. இறங்கும் இடத்தைத் தவறவிட்டுவிட்டேன்.

லான் ஆற்று ஊருக்கு நான் போய்ப் பார்க்கிறேன். பாஸ்டருக்கு நீங்கள் தயவுசெய்து எழுத வேண்டாம். அவருக்கு ஏகப்பட்ட வேலை. இன்னொன்று, இனி எனக்கு எழுதும்போது உள்ளேயும் உறையின் பின்பக்கத்திலும் உங்கள் பெயரைப் போடாமல் அன்னப்பிள்ளை மாமியின் பெயரைப் போடுங்கள். இங்கே அகதி விடுதியில் ஒரே பெயரில் அடிக்கடி கடிதம் வந்தால் தேவையில்லாத கேள்வி கேட்பார்கள். வேறு ஒன்றும் இல்லை.

வெள்ளிக் கிண்ணத்தை யாருக்கும் எடுத்துக் காட்ட வேண்டாம்.

அன்புத் தம்பி
கணேசலிங்கம்

⁂

வுப்பர்டால்
2 அக்டோபர் 1985

அன்புள்ள உமாபதி,

ஆஹென் குளிர் எப்படி? பரீட்சை முடிந்திருக்கும் என்று நம்புகிறேன். நீங்கள் இந்தியாவிலிருந்து வந்த மாணவர், எங்கள் அகதி வழக்குகளோடு உங்களுக்கு ஒரு சம்பந்தமும் இல்லை. இருந்தும் என் ஜெர்மன் கடிதங்களை எல்லாம் எழுதித் தந்தவர் நீங்கள். அதனால் உங்களிடம் ஒன்றைச் சொல்ல வேண்டும்.

என் அகதி விண்ணப்பத்தில், அந்த அன்ட்ராக்கில், 1983 ஜூலையில் கொழும்பு வெள்ளவத்தையில் எங்கள் வீட்டை எரித்தபோது என் அக்கா கமலநாயகி இறந்துபோனார் என்று நீங்கள் மொழிபெயர்த்து எழுதினீர்களே, அது பொய். வீடு எரிந்தது உண்மை. அக்கா உள்ளே இருந்ததும் உண்மை. பின்மதிலால் ஏறிக் குதித்து, பக்கத்து வீட்டாரின் குளியலறையில் இரண்டு நாள் ஒளிந்திருந்து, சரக்குக் கப்பலில் யாழ்ப்பாணம் போய்ச் சேர்ந்தார். இப்போது அங்கே நூலகத்தில் இருக்கிறார். எனக்கு மாதம் ஒரு கடிதம் எழுதுகிறார்.

என் அறையில் இருக்கும் முருகேசு அண்ணைதான் அன்றைக்குச் சொன்னார்: "வீடு எரிஞ்சது மட்டும் காணாது தம்பி. எல்லாருக்கும்தான் வீடு எரிஞ்சது. ஆரும் செத்திருக்க வேணும்." அவர் மேல் பழி போடவில்லை. வாயைத் திறந்து சொன்னது நான்தான். இங்கே நிலைத்துவிட்டால் பிறகு அக்காவைக் கூப்பிடலாம் என்று நினைத்தேன். கூப்பிட வேண்டியவரையே சாகடித்துவிட்டு எப்படிக் கூப்பிடுவது என்று அந்த நேரம் யோசிக்கவில்லை.

அதை நம்பித்தான் பாஸ்டர் வெர்னர் எனக்காக நீதிமன்றத்துக்குக் கடிதம் கொடுத்தார். கோயிலில் அக்காவுக்கு ஒரு மெழுகுதிரி எரிகிறது. அக்கா தப்பிய இரக்கத்தில் திருமதி எல்ஃப்ரீடே என்ற கிழவி எனக்குக் கம்பளிக் காலுறை பின்னித் தந்திருக்கிறார். இல்லை, தவறாக எழுதிவிட்டேன், அக்கா இறந்த இரக்கத்தில். பாருங்கள், எனக்கே குழம்புகிறது. நவம்பர் கடைசியில் இறந்தவர்களின் பெயரை வாசிக்கும் ஞாயிறு ஒன்று இவர்களுக்கு உண்டு. அதில் அக்காவின் பெயரையும் வாசிக்கப் போகிறாராம்.

நான் என்ன செய்வது? எங்கள் பாடசாலையின் பழைய பாதிரியார் ஒருவரின் கல்லறையைப் பார்க்க லான் ஆற்றங்கரைக்குப் போக அனுமதி கேட்டும் ஒரு கடிதம் எழுதித் தாருங்கள். எங்களுக்கு ஊர் எல்லை தாண்டக் கூடாதே.

கணேசலிங்கம்

⁂

ஆஹென்
9 அக்டோபர் 1985

அன்புள்ள கணேசலிங்கம்,

நான் நல்லா இருக்கேன். எக்ஸாம் சுமார். உங்க லெட்டரை மூணு தடவை படிச்சேன்.

நான் மெக்கானிக்கல் படிக்கிறவன், லாயர் இல்லை. ஆனா ஹாஸ்டல்ல சட்டம் படிக்கிற ஒரு ஃபிரெண்டுகிட்ட பேர் சொல்லாம விசாரிச்சேன். உங்க அப்பீல் முழுக்க அந்த ஒரு பாயிண்ட்ல நிக்குது. ஏப்ரல் 2 கோர்ட் ஹியரிங் வரைக்கும் சும்மா இருந்தா ஜெயிக்க நிறைய சான்ஸ். இப்ப நீங்களா போய் மாத்திச் சொன்னா, மத்ததையும் நம்ப மாட்டாங்க. ஆனா ஜெயிச்சிட்டா உங்க அக்கா இந்த நாட்டு ஃபைல்ல என்னைக்கும் இறந்தவங்கதான். அவங்களை வரவழைக்கறதுங்கற பேச்சே இல்லை. ரெண்டுல ஒண்ணு.

எனக்குச் சொல்லத் தோணுறது, பேசாம இருங்க. என்னால இதுக்கு மேல நல்ல யோசனை சொல்ல முடியலை, மன்னிச்சிடுங்க. பெர்மிஷன் லெட்டர் இதோட வெச்சிருக்கேன். காரணம் 'கல்லறை பார்க்க'ன்னு மட்டும் போட்டிருக்கேன்.

உடம்பைப் பார்த்துக்குங்க.

உமாபதி

⁂

யாழ்ப்பாணம்
1 நவம்பர் 1985

அன்புள்ள தம்பிக்கு,

ஆறு வருடத்துக்கு முன் காலமான அன்னப்பிள்ளை மாமி தன் மருமகனுக்கு எழுதிக்கொள்வது. நான் இருக்கும் இடத்தில் சுகத்துக்குக் குறைவில்லை. உன் புத்தி சுகமாக இருக்கிறதா என்பதுதான் கவலை. சரி, உன் விருப்பப்படியே இனி மாமி எழுதுவாள். கேள்வி கேட்கவில்லை.

இங்கே ஒரு விஷயம் நடந்திருக்கிறது. பழைய கடதாசிப் பெட்டிகளுக்குள் 1886ஆம் ஆண்டு ஆட்டக் கணக்குப் புத்தகம் அகப்பட்டது. செல் அரித்துவிட்டது, ஆனால் அந்தப் பக்கம் தப்பிவிட்டது. நீ படிப்பித்தபடி வாசித்தேன். ஹாரோபி பாதிரியார், ஆட்டமிழக்காமல் முப்பத்தேழு. பாடசாலை இரண்டு விக்கெட்டால் வென்றது.

வென்றது, தம்பி. மனிதர் வெளியேறவே இல்லை. கடைசி வரைக்கும் நின்று வென்றிருக்கிறார்.

அதிபரிடம் கொண்டுபோனேன். மூக்குக் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். "மிஸ், உதுகளைக் கிளறாதேங்கோ. நூறு வருஷமாப் பொடியளுக்குச் சொல்லி வந்த கதை. இனிப் போய், அது பொய்யெண்டு சொல்லேலுமோ?" என்றார். நான் புத்தகத்தைத் திரும்பக் கொண்டுவந்து பெட்டியில் வைத்தேன். எனக்குக் கோபம் வந்தது. யார் மேல் என்று தெரியவில்லை.

அன்று மத்தியானம் மேசையில் தலை சாய்த்தபோது அவர் வந்தார். மைதானத்தின் நடுவில் நிற்கிறார். விக்கெட்டிலும் இல்லை, நிழலிலும் இல்லை. இரண்டுக்கும் இடையில், வெயிலில். ஏனப்பா அங்கே நிற்கிறாய் என்று கேட்டேன். நூலகத்துக்கு ஒரு புத்தகம் திருப்பிக் கொடுக்க வேண்டியிருக்கிறது என்றார்.

இப்படிக்கு
அன்னப்பிள்ளை (போதுமா?)

⁂

வுப்பர்டால்
1 டிசம்பர் 1985

அன்புள்ள அக்காவுக்கு,

உறையின் பின்பக்கம் மாமியின் பெயரைப் பார்த்தேன், வாசித்துவிட்டுச் சட்டைப்பைக்குள்ளேயே வைத்துக்கொண்டேன். நீங்கள் சுகமாக இருப்பது கண்டு ஆறுதல். இங்கே பனி விழத் தொடங்கிவிட்டது. அது விழும்போது சத்தமே இல்லை. கனவு காண்கிறோமோ என்று காதைத் தடவிப் பார்க்க வேண்டியிருக்கிறது.

ஹாரோபி பாதிரியார் நின்றுவிட்டார் என்று எழுதியிருந்தீர்கள். அதை வாசித்தபிறகு இரண்டு நாள் ஒன்றும் ஓடவில்லை. அந்தப் பரிசை வாங்கும்போது மேடையில் கிண்ணத்தை இரண்டு கையாலும் இறுகப் பிடித்திருந்தது ஞாபகம் இருக்கிறது.

போன ஞாயிறு பாஸ்டரின் கோயிலுக்குப் போனேன். இறந்தவர்களின் பெயர்களை வாசித்தார்கள். ஒவ்வொரு பெயருக்கும் அந்த வீட்டார் எழுந்து நின்றார்கள். நானும் ஒரு தடவை எழுந்து நின்றேன். பிறகு தேநீர் தந்தார்கள். பாஸ்டர், என் சட்டைப்பையில் நீட்டிக்கொண்டிருந்த உங்கள் கடித உறையைக் கண்டு, மாமியின் விலாசத்தைத் தன் புத்தகத்தில் எழுதிக்கொண்டார். ஏன் என்று கேட்கவில்லை.

லான் ஆற்று ஊருக்குப் போக இன்னும் அனுமதி வரவில்லை. குளிசை தீர்ந்துபோனால் எழுதுங்கள், அனுப்பி வைக்கிறேன்.

கணேசலிங்கம்

⁂

யாழ்ப்பாணம்
24 ஜனவரி 1986

தம்பிக்கு,

சுகம்.

அன்னப்பிள்ளை மாமியின் பெயருக்கு ஜெர்மனியிலிருந்து ஓர் அட்டை வந்தது. வெள்ளை அட்டை, சுற்றிவரக் கறுப்புக் கரை. நல்ல தடித்த கடதாசி. உள்ளே இங்கிலிசில் ஆறு வரி. வாசித்தேன். நூலகத்தில் ஒரு புத்தகத்துக்குள் வைத்திருக்கிறேன். எந்தப் புத்தகம் என்று எனக்கு மட்டும்தான் தெரியும்.

கிரிக்கெட்டில் ஒரு சந்தேகம். தன் துடுப்பில் பந்து பட்டது ஒருவனுக்குத் தெரியும். அம்பயர் இல்லை என்று சொல்லிவிட்டார். அவன் பேசாமல் நின்றால் சட்டப்படி அது குற்றமா?

அன்னப்பிள்ளை

⁂

வுப்பர்டால்
20 பெப்ரவரி 1986

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் கடிதம் மிகச் சின்னதாக இருந்தது. காய்ச்சலோ என்று பயந்துபோனேன். எனக்கு ஒன்றும் இல்லை.

சட்டப்படி குற்றம் இல்லை, அக்கா. அம்பயர் சொன்னதுதான் முடிவு. நிற்கலாம்.

போன வாரம் லான் ஆற்று ஊருக்குப் போய் வந்தேன். வெளிநாட்டவர் அலுவலகத்தில் அனுமதிக்குப் போனபோது, கல்லறையில் இருப்பவர் உறவினரா என்று அந்தப் பெண் கேட்டாள். ஓம் என்று வாய் வரை வந்தது. "இல்லை, எங்கட பள்ளிக்கூடத்துப் பாதிரியார்," என்றேன். என்னை ஒரு மாதிரிப் பார்த்துவிட்டு இரண்டு நாளுக்கு முத்திரை குத்தித் தந்தாள்.

அந்த ஊர் முழுக்க ஆவி. வெந்நீர் ஊற்றின் ஆவியும் ஆற்று மூடுபனியும் கலந்து, ஆட்கள் பாதி உடம்போடு மிதந்து போனார்கள். ஆங்கிலேயர் கோயில் இப்போது முதியவர்கள் கூடிப் பாடும் மண்டபம். மண்டபத்துத் திறப்புக் கொத்தை வைத்திருந்த கிழவி கல்லறையையும் காட்டினார், ஓர் அலுமாரியையும் திறந்து விட்டார். ஞானஸ்நானப் பதிவேடுகளுக்கு அடியில் ஒரு சின்னக் குறிப்புப் புத்தகம். மார்ச் 20 என்று போட்டு வருடத்துக்கு ஒரு குறிப்பு மட்டும். வேறு ஒரு நாளும் இல்லை. அப்படியே தமிழில் தருகிறேன்.

1886: 'பந்து துடுப்பில் பட்டது. யாகோப்பு இல்லை என்றான். சுதேசி அம்பயரை வைத்தால் இப்படித்தான் என்று அவர்கள் சிரித்தார்கள். நான் போனால் அவன் பிழை ஊருக்கே தெரியும். அவனுக்காக நின்றேன்.'

1890: 'யாகோப்புக்கும் தெரியும். அவன் என் முகத்தை நேரே பார்ப்பதில்லை. நானும்.'

1905, கடைசி: 'அவனுக்காக நின்றேன் என்று பத்தொன்பது வருடம் எழுதினேன். அவன் தாங்கியிருப்பான். என்னால்தான் எல்லோரும் பார்த்திருக்க மைதானத்தை விட்டு நடந்து போக முடியவில்லை.'

கிழவிக்கு இங்கிலிஸ் தெரியாது. என்ன எழுதியிருக்கிறார் என்று கேட்டார். "இவர் ஆட்டமிழந்தவர். ஆனால் போகவில்லை," என்று என் ஓட்டை ஜெர்மனில் சொன்னேன். "பிறகு எப்போது போனார்?" என்று கேட்டார். நான் புத்தகத்தைப் பதிவேடுகளுக்கு அடியில் திரும்ப வைத்தேன்.

அக்கா, உங்களுக்கு வந்த அட்டை என்ன அட்டை?

கணேசலிங்கம்

⁂

யாழ்ப்பாணம்
28 மார்ச் 1986

என் அன்புத் தம்பிக்கு,

நான் சுகம். இதை முதலில் அழுத்திச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அந்த அட்டையில் வேறு மாதிரி இருக்கிறது. 'உங்கள் மருமகள் கமலநாயகியின் மறைவுக்கு எங்கள் சபையின் ஆழ்ந்த அனுதாபங்கள். நவம்பரில் அவர் பெயரை நாங்கள் வாசித்தோம். அவர் தம்பி எழுந்து நின்றார்.' என் சாவுக்கு வந்த அனுதாபத்தை நானே கையெழுத்துப் போட்டு வாங்கினேன். முதலில் சிரித்தேன். பிறகு நூலகக் கதவைச் சாத்திவிட்டு அழுதேன். உன் மேல் கோபமும் வந்தது. பின்மதில் ஏறியபோது என் முழங்காலில் பட்ட காயம் இன்னும் மழைக்கு நோகிறது. அவ்வளவு பாடுபட்டுத் தப்பியவளை நீ ஒரு வரியில் முடித்துவிட்டாய்.

ஒன்றரை மாதம் அந்தக் கோபத்தோடு இருந்தேன். அப்போதுதான் உன் கடிதம் வந்தது, பாதிரியாரின் குறிப்போடு. உடனே 1906ஆம் ஆண்டுப் பாடசாலை மலரைத் தேடி எடுத்தேன். பாதிரியார் வெளியேறினார், நாம் தோற்றோம் என்ற கதை முதன்முதலாக அங்கேதான் வருகிறது. அவரது மரண அறிவித்தலில். எழுதியவர் யாகோப்பு உபதேசியார். தெரிந்துகொண்டே எழுதியிருக்கிறார், தம்பி. அவர் நடக்காத நடையை இவர் நடக்க வைத்திருக்கிறார். அவ்வளவு அன்பு.

ஆகவே யாகோப்புவின் கதையையே என் நூலிலும் எழுதிக் கொடுத்தேன். போன சனி வெளியீடு நடந்தது. கைதட்டினார்கள்.

உனக்கும் அதைத்தான் சொல்கிறேன். நில். சட்டப்படி குற்றமில்லை என்று நீதானே எழுதினாய். நான் உயிரோடு இருப்பதற்கு ஜெர்மனி நீதிமன்றத்தின் சாட்சி எனக்குத் தேவையில்லை. அங்கே நான் செத்தவளாகவே இருந்துவிட்டுப் போகிறேன். நீ திரும்பி வந்து இங்கே உண்மையாகச் சாவதைவிட அது எவ்வளவோ மேல். இதற்குப் பிறகு இதைப் பற்றி எழுத வேண்டாம்.

அன்னப்பிள்ளை

⁂

வுப்பர்டால்
3 ஏப்ரல் 1986

அன்புள்ள அக்காவுக்கு,

நலமாயிருப்பீர்கள் என்று நம்பி, ஒரு பெரிய பிழையைச் சொல்லித்தான் இந்தக் கடிதத்தைத் தொடங்க வேண்டும். நீங்கள் வெள்ளவத்தை வீட்டில் எரிந்து இறந்துவிட்டதாக 1983இல் இங்கே எழுதிக் கொடுத்தேன். உங்களிடம் மறைத்தேன். அட்டை வந்த நாளே உங்களுக்குத் தெரிந்திருக்கும் என்று இப்போது விளங்குகிறது.

உங்களுக்காகத்தான் என்று இவ்வளவு நாளும் எனக்கு நானே சொல்லி வந்தேன். அந்தக் குறிப்புப் புத்தகத்தை வாசித்த பிறகு அப்படிச் சொல்ல நாக்கு எழவில்லை. போன வெள்ளிக்கிழமை, பெரிய வெள்ளி, கோயில் கலைந்த பிறகு பாஸ்டரிடம் போய்ச் சொன்னேன். "இறந்தவர்களோடு சேர்த்து அவர் பெயரை வாசித்தேனே," என்று மட்டும் சொன்னார். என் முகத்தைப் பார்க்காமல் எழுந்து போய்விட்டார். எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன்.

ஞாயிறு உயிர்த்த பெருநாள். கடைசி வரிசை வாங்கில் போய் இருந்தேன். பாட்டு முடிந்ததும் பாஸ்டர் ஒரு கடதாசியை எடுத்தார். "நவம்பரில் கமலநாயகி என்ற பெண்ணை இறந்தவர்களோடு வாசித்தேன். அது தவறு. அவர் உயிரோடு இருக்கிறார். யாழ்ப்பாணத்தில் ஒரு நூலகத்தில் வேலை செய்கிறார்," என்றார். உங்கள் பெயரை முதல் தடவையாகச் சரியாக உச்சரித்தார். எல்லாத் தலையும் என் பக்கம் திரும்பியது. சிலர் இப்போதும் என்னோடு கதைப்பதில்லை. அது அவர்கள் நியாயம். காலுறை பின்னித் தந்த திருமதி எல்ஃப்ரீடே வாசலில் என்னைப் பிடித்து நிறுத்தினார். அடிப்பாரோ என்று பயந்தேன். உங்கள் கால் என்ன அளவு என்று கேட்டார்.

நேற்று நீதிமன்றம். உமாபதி ஆஹெனிலிருந்து வந்து பக்கத்தில் இருந்தார். நீதிபதி கேட்கும் முன்பே எழுந்து சொல்லிவிட்டேன். வழக்கு தள்ளுபடி. முருகேசு அண்ணை என்னை மடையன் என்கிறார். அகதி என்ற அந்தஸ்து இனிக் கிடைக்காது. ஆனால் ஊர் நிலைமையைப் பார்த்து எங்களை இப்போதைக்கு அனுப்பமாட்டார்களாம். மூன்று மாதத்துக்கு ஒரு தடவை புதுப்பிக்கிற ஒரு கடதாசி தந்திருக்கிறார்கள். எத்தனை தடவை புதுப்பிப்பார்கள் என்று யாருக்கும் தெரியாது.

பயமாகத்தான் இருக்கிறது. ஆனாலும் நேற்றுத் தொங்கு ரயிலில் வரும்போது நித்திரை வரவில்லை, இறங்கும் இடத்தில் இறங்கினேன்.

உங்கள் பெயரை எழுதி எனக்கு ஒரு கடிதம் போடுங்கள்.

கணேசலிங்கம்

⁂

யாழ்ப்பாணம்
27 ஏப்ரல் 1986

என் அன்புத் தம்பிக்கு,

சுகமாக இருக்கிறேன். இதை இப்போது ஜெர்மனியில் ஒரு கோயில் முழுக்க அறிந்திருக்கிறது என்பதால் கூடுதல் சுகம்.

நில் என்று நான் எழுதியதும் நீ போய்ச் சொன்னதும் ஒரே வெள்ளிக்கிழமை. என் கடிதம் கொழும்பைத் தாண்டு முன்பே நீ முடித்துவிட்டாய். அது பிந்திப் போனதற்குத் தபால்காரருக்கு நன்றி சொல்ல வேண்டும். ஆனால் அதை எழுதியதற்கு நான் வெட்கப்படவில்லை. இன்னொரு தடவை கேட்டாலும் அப்படித்தான் எழுதுவேன். நீ இன்னொரு தடவையும் என் சொல் கேட்காமல் இருந்தால் நல்லது.

உன் கடிதத்தை வாசித்த மறுநாள் அதிபரிடம் போனேன். கணக்குப் புத்தகத்தையும் நீ எழுதியனுப்பிய குறிப்பையும் மேசையில் வைத்தேன். "என்ன மிஸ், நூல் அடிச்சு முடிஞ்சுதே," என்றார். "ஓம் சேர், அடிச்சு முடிஞ்சுது. பிழை திருத்தம் ஒட்டப் போறன். நூலகத்தில பிழையான புத்தகத்துக்கு அப்பிடித்தான் செய்யிறது," என்றேன். ஏலாது என்று சொல்ல வாயெடுத்தவர், என்னைப் பார்த்துவிட்டு மூக்குக் கண்ணாடியைத் துடைக்கத் தொடங்கினார். நான்கு நாளாகத் தட்டச்சு. விற்காமல் இருந்த நூற்றெண்பது பிரதியிலும் பதினேழாம் பக்கத்தில் ஒரு துண்டு ஒட்டியிருக்கிறேன். 'ஹாரோபி பாதிரியார் வெளியேறவில்லை. வெளியேறியிருக்க வேண்டும் என்று பத்தொன்பது வருடம் நினைத்திருந்தார். யாகோப்பு உபதேசியார் அவரை மன்னித்தார்.' விரல் எல்லாம் பசை.

உன் கிண்ணத்தையும் எடுத்து மினுக்கி, நூலக மேசையில் எல்லோரும் பார்க்க வைத்திருக்கிறேன்.

நேற்று மத்தியானம் அவர் மறுபடி வந்தார். மைதானத்தில் வெயில் சாய்ந்திருந்தது. நடந்து வந்து, துடுப்பைச் சுவரில் சாத்திவிட்டு, நிழலில் இருந்தார். யாகோப்பு தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார். இரண்டு பேரும் ஒருவர் முகத்தை ஒருவர் நேரே பார்த்தார்கள். புத்தகம் திருப்பிக் கொடுக்க வேண்டும் என்று இந்தத் தடவை சொல்லவில்லை.

நான் அங்கே வருவதா, நீ இங்கே வருவதா, எதுவும் இப்போது சொல்ல முடியாது. மூன்று மாதம் மூன்று மாதமாகப் பார்ப்போம். அந்தக் கிழவியிடம் என் கால் அளவு ஐந்து என்று சொல். நம் ஊர் வெக்கைக்குக் கம்பளிக் காலுறை எதற்கு என்று சொல்லிவிடாதே. போட்டுக்கொள்கிறேன்.

உறையின் பின்பக்கத்தைப் பார்த்திருப்பாய், பெரிய எழுத்தில் போட்டிருக்கிறேன். அன்னப்பிள்ளை மாமி பாவம், இனியாவது நிம்மதியாகச் செத்திருக்கட்டும்.

உன் அக்கா
கமலநாயகி